பனியன் கம்பெனியில் வேலை பார்த்தவருக்கு நெதர்லாந்தில் 'புலி விருது'!

பாட்டு கிடையாது. சண்டை கிடையாது. ஒரு அப்பனும் மகனும் வெயிலில் நடக்கிறார்கள். கதை அவ்வளவுதான்!

'இதெல்லாம் ஒரு சினிமாவா?' என்று கேட்கத் தோன்றுகிறதா? இந்தப் படம்தான் 2021-ம் ஆண்டு நெதர்லாந்தின் ராட்டர்டாம் பட விழாவில் முதல் பரிசான 'புலி விருதை'த் தட்டிக்கொண்டு வந்தது. அதே ஆண்டு இந்தியாவின் சார்பில் ஆஸ்கார் போட்டிக்கும் போனது.

படம்: 'கூழாங்கல்'. எடுத்தவர் மதுரைப் பக்கத்து இளைஞர் பி.எஸ்.வினோத்ராஜ்.

யார் இவர்?

சின்ன வயசிலேயே படிப்பை விட்டவர். பூ மார்க்கெட்டில் வேலை, பிறகு திருப்பூர் பனியன் கம்பெனி. சினிமா ஆசையில் சென்னை வந்து டி.வி.டி. கடையில் சேர்ந்தார். கடையில் இருந்த வெளிநாட்டுப் படங்கள்தான் அவருக்குப் பாடப் புத்தகம்!

13 கிலோ மீட்டர் நடை

புகுந்த வீட்டில் இருந்து விரட்டப்பட்ட இவருடைய சகோதரி, குழந்தையைத் தூக்கிக்கொண்டு 13 கிலோ மீட்டர் நடந்தே தாய் வீட்டுக்கு வந்தார். அந்த நடை வினோத்ராஜின் மனசைக் குடைந்தது. படத்தில் கணக்கைத் திருப்பிப் போட்டார். நடப்பது பெண் அல்ல, புருஷன்!

கோபித்துப் போன மனைவியைக் கூட்டி வர, பள்ளிக்கூடத்தில் இருந்த மகனை இழுத்துக்கொண்டு போகிறான் ஒரு குடிகாரன். திரும்பும்போது நடைதான். தாகத்தை அடக்க பையன் வாயில் போட்டுக்கொள்வது ஒரு கூழாங்கல். மேலூர் அருகே அரிட்டாபட்டி வட்டாரப் பொட்டலில்தான் படப்பிடிப்பு.

இசையும் இல்லை!

அடுத்த படம் 'கொட்டுக்காளி'. நடிகர் சிவகார்த்திகேயன் தயாரித்தார். சூரி, அன்னா பென் நடித்தார்கள். வேறு சாதிப் பையனை விரும்பிய பெண்ணுக்குப் பேய் பிடித்துவிட்டது என்று சாமியாரிடம் கூட்டிப் போகிறது ஒரு குடும்பம். அந்தப் பெண் வாயே திறப்பதில்லை என்று சொல்லலாம். பின்னணி இசையும் கிடையாது. ஆட்டோ சத்தமும் சேவல் சத்தமும்தான்! முடிவையும் சொல்லாமல் ரசிகரிடமே விட்டுவிட்டார். 2024 பிப்ரவரியில் பெர்லின் விழாவுக்குப் போன படம், ஆகஸ்டு 23-ந்தேதி தியேட்டர்களில் வெளியானது.

ஆனால் 'கூழாங்கல்'? நயன்தாரா - விக்னேஷ் சிவன் கம்பெனியின் படம். அப்படி இருந்தும் தியேட்டருக்கு வராமல், 2023 அக்டோபரில் நேராக ஓ.டி.டி.க்குப் போய்விட்டது. சந்தா கட்டினவர்கள் பார்த்தார்கள். அரிட்டாபட்டி வெயிலில் தினமும் நடக்கிற சனம், டிக்கெட் வாங்கி அதைப் பெரிய திரையில் பார்க்க முடியவில்லையே!