எந்த ஆண்டு போனது அந்தப் படகு?

மரக்காணம் உப்பளங்களில் ஆண்டுக் கடைசி வேலையில்லாக் காலம். ஐப்பசி மழையில் பாத்திகள் மூழ்கினால், தை பிறந்த பிறகுதான் மறுபடி சீரமைப்பார்கள். 2004 டிசம்பர் 26 சுனாமி, 2011 டிசம்பர் 30 தானே புயல், 2024 நவம்பர் 30 ஃபெஞ்சல் புயல் மூன்றுமே இந்த இடைவெளியில்தான் வந்தன. அதனால், ‘நம்ம படகு போனது எதுல?’ என்று அங்கே கேட்டால் ஒரே வீட்டில் இரண்டு பதில் வரலாம். யாரும் பொய் சொல்லவில்லை. ஒன்றுபோலத் தோன்றும் நிகழ்ச்சிகளின் விவரங்களை மூளை மாற்றிக் கோத்துவிடுகிறது.

பேரதிர்ச்சி மனதில் படம் பிடித்ததுபோல் பதியும் என்று நம்புகிறோம். 1986-இல் சேலஞ்சர் விண்கலம் வெடித்த மறுநாள், அமெரிக்க உளவியலாளர் உல்ரிக் நைசர், அச்செய்தியை எங்கே, எப்படிக் கேள்விப்பட்டார்கள் என்று மாணவர்களிடம் எழுதி வாங்கினார். இரண்டரை ஆண்டு கழித்து 44 பேரிடம் அதையே கேட்டார். கால்வாசிப் பேரின் பதிலில் ஒரு முக்கிய விவரம்கூடப் பழையதோடு ஒத்துப்போகவில்லை. அவர்கள் கைப்பட எழுதியதையே காட்டியும் பழைய நினைவு திரும்பவில்லை.

இன்னொன்று இதைவிட விசித்திரம். 1992-இல் ஆம்ஸ்டர்டாமில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தின் மேல் விமானம் விழுந்தது. விழும் கணத்தை யாரும் படம் எடுக்கவில்லை. ஆனாலும் பத்து மாதம் கழித்துக் கேட்கப்பட்டவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் அதைத் தொலைக்காட்சியில் பார்த்ததாகச் சொன்னார்கள். சுனாமி நினைவுநாள்தோறும் அதே அலைக் காட்சியைப் போட்டுக் காட்டும் நாமும் இப்படிப்பட்ட குழப்பத்துக்கு வழி செய்கிறோம்.

ஏன் இப்படி? நரம்பியல் ஆய்வாளர் கரீம் நாதேரின் குழு 2000-இல் வெளியிட்ட எலி ஆய்வு ஒரு வழி காட்டியது. மணியொலி கேட்டால் பயப்படும்படி பழக்கிய எலிக்கு மறுபடி அந்த ஒலியைக் கேட்கச் செய்து, புரதம் உருவாவதைத் தடுக்கும் மருந்தை உடனே மூளையில் செலுத்தினால் பயம் போய்விட்டது. ஒலியின்றி மருந்து மட்டும் கொடுத்தால் பயம் அப்படியே இருந்தது. அதாவது, நினைவு எழுப்பப்படும்போது இளகுகிறது. பின் புதிதாக உறைய வேண்டியிருக்கிறது. விளைந்த உப்பைத் திரும்பக் கரைத்துக் காய்ச்சினால் உப்புதான் வரும், அந்தத் தண்ணீரிலிருந்த கசடோடு. மனிதருக்கு இது எவ்வளவு பொருந்தும் என்ற விவாதம் முடியவில்லை.

சுனாமியைக் கண்டவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால் இப்போதே கேட்டு எழுதி வையுங்கள். எல்லாரையும் கூட்டி உட்காரவைத்துக் கேட்க வேண்டாம். தனித்தனியாகக் கேளுங்கள், நடுவில் திருத்தாதீர்கள், கேட்ட தேதியையும் மேலே குறியுங்கள்.