எழுத்து முதலில், குரல் பிறகு

2010-இல் வெளிவந்த ‘ராவணன்’ படத்தின் சில காட்சிகள் ஒகேனக்கல்லில் எடுக்கப்பட்டவை. மணிரத்னம் அந்தப் படத்தைத் தமிழிலும் இந்தியிலும் ஒரே சமயத்தில் தனித்தனியாக எடுத்தார். தமிழில் வீரையாவாக வந்த விக்ரம், இந்தியில் போலீஸ் அதிகாரி. தெலுங்குக்கு டப்பிங்தான் கிடைத்தது. உதடும் பேச்சும் முழுதாகப் பொருந்த வேண்டுமானால் அன்றைய சினிமாவில் இரண்டு முறை எடுப்பதுதான் வழியாக இருந்தது. ஆனால் கணினி விளையாட்டில் உதட்டை அசைப்பது மென்பொருள். ‘கோஸ்ட் ஆஃப் சுஷிமா’ 2020-இல் வந்தபோது, ஜப்பானியக் குரலை வைத்தாலும் சாமுராயின் வாய் ஆங்கிலத்துக்குத்தான் அசைந்தது. மறு ஆண்டு பிளேஸ்டேஷன் 5-க்கு வந்த பதிப்பில் ஜப்பானியத்துக்கும் வாய் பொருந்திவிட்டது. அப்படியென்றால் தமிழ்க் குரலையும் கேட்டு வாங்கிவிடலாமே என்று தோன்றும். முதலில் கேட்க வேண்டியது அதுவல்ல என்பதே என் கட்சி.

2015-இல் வந்த ‘தி விட்சர் 3’ விளையாட்டில் எழுத்து 15 மொழிகளில் இருந்தது. முழுக் குரல் 7 மொழிகளில் மட்டும். செட்டிங்ஸில் எழுத்துக்கு ஒரு மொழி, குரலுக்கு ஒரு மொழி என்று தனித்தனியாக வைத்துக்கொள்ளலாம். அவ்வளவு பெரிய தயாரிப்பே குரலில் பாதிக்குமேல் கைவிட்டதற்குக் காரணம் எளிது: குரல் என்றால் ஒவ்வொரு பாத்திரத்துக்கும் நடிகர், ஒலிப்பதிவுக் கூடம், டவுன்லோடைப் பெருக்கும் ஆடியோ கோப்புகள். எழுத்துக்கு ஒரு சின்னக் கோப்பு போதும். ஆனால் பெரும்பாலான விளையாட்டுகளில் அதுவும் நமக்கு வரவில்லை. விளையாட்டுகளை வாங்கி ஆடும் ஸ்டீம் செயலியில் விளையாட்டின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து, ப்ராப்பர்ட்டீஸுக்குள் போனால் மொழியை மாற்றலாம். அந்தச் செயலியின் சொந்த மொழிப் பட்டியலிலோ தாய் உண்டு, வியட்நாமியம் உண்டு. இந்திய மொழி ஒன்றுகூட இல்லை.

வாள் வீசுகிற நேரத்தில் அடியில் ஓடும் வரியை யார் படிப்பார் என்பார்கள். நியாயம்தான். ஆனால் மெனு, பணிக்குறிப்பு, பொருள்களின் விவரம் எல்லாம் நிதானமாகப் படிப்பவை. ஆங்கில சப்டைட்டிலோடு மல்லுக்கட்டுகிறவர்களுக்கு வரி ஓடுவது புதிதும் அல்ல. ஆங்கிலம்தான் எல்லாருக்கும் தெரியுமே என்ற வாதம் இதைவிட பலவீனமானது. ‘ஸ்டார்ட்’ எந்தப் பொத்தான் என்று தெரிவது வேறு, கதையின் முடிச்சு புரிவது வேறு. தர்மபுரி மாவட்டத்தில் பென்னாகரம் பக்கம் தமிழ்வழியில் படிக்கும் பிள்ளைக்கு முதலாவது போதாது. குரல் தாமதமாக வந்தாலும் குடி முழுகாது: புனேயில் உருவான ‘ராஜி’ விளையாட்டு 2020-இல் வெளியானது, அதன் இந்திக் குரல் 2022-இல்தான் சேர்ந்தது. (தமிழ்க் குரல் வரும் நாளில் அது தர்மபுரித் தமிழா, சென்னைத் தமிழா என்ற பஞ்சாயத்து தனி.)

எழுத்திலும் ஒரு சிக்கல் உண்டு. ‘கொ’ என்பதில் உள்ள ஒகரத்தைக் கணினி ஒரே குறியாக வைத்திருக்கிறது. திரையில் அதைப் பிரித்துக் ககரத்தின் இரு பக்கமும் போட வேண்டும். ஆங்கில எழுத்தை மட்டும் மனதில் வைத்துச் செய்த விளையாட்டில் கொம்பு இடம் மாறி நிற்கும். விளையாட்டுகளை உருவாக்கப் பயன்படும் அன்ரியல் என்ஜினில் இதைச் சரிசெய்யும் ஹார்ஃப்பஸ் என்ற மென்பொருள் ஏற்கெனவே உள்ளே இருக்கிறது. மற்ற இடங்களில், மொழிபெயர்ப்பாளரோடு எழுத்துருவைச் சோதித்துப் பார்க்கும் ஆளையும் சேர்த்துக் கேட்க வேண்டியிருக்கும்.