பார்க்க முடியாத நகைச்சுவை

நான் பார்க்க ஏங்கும் மௌனப் படம் ஒன்றை இன்று யாருமே பார்க்க முடியாது. எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் 1925-இல் இயக்கிய 'கிஸ் மீ அகெய்ன்' படத்தின் ஒரு பிரதிகூடக் கிடைக்கவில்லை.

அதன் மூலம் 1880-இல் பாரிசில் அரங்கேறிய 'திவோர்சோன்' நாடகம். அப்போது பிரான்சில் மணவிலக்குக்கு இடமில்லை. 1884-இல்தான் சட்டம் அதை மீண்டும் அனுமதித்தது. வேறொருவரிடம் மனம் சாய்ந்த மனைவியைக் கணவன் தடுக்காமல் விட்டுக்கொடுக்கிறான். தடை நீங்கியதும் கள்ளக் காதல் சலிக்கிறது. அவள் கணவனிடமே திரும்புகிறாள்.

லூபிட்ஷ் 1941-இல் இக்கதையைப் பேசும் படமாக எடுத்தார். அது நமக்குக் கிடைக்கிறது. பேசாமலே எப்படிச் சிரிக்க வைத்தார் என்பதுதான் தொலைந்துவிட்டது.

அமெரிக்காவின் முழுநீள மௌனப் படங்களில் சுமார் 70 விழுக்காடு இன்று இல்லை. நைட்ரேட் படச்சுருள் தீப்பற்றும், மக்கும். பேசும் படம் வந்தபின் பழையவற்றைப் பேணுவாரும் இல்லை. நண்பர்களே, கதையை மீண்டும் எழுதலாம். ஒரு நடிகையின் கண்ணசைவை எழுத முடியுமா?