சிங்கப்பூர்ச் சூரியனும் ராகு காலமும்

நகைக்கடைகளும் புஷ்பக் கடைகளும் நெருங்கி நிற்கும் சிராங்கூன் சாலைக்குக் கல்யாணப் பொன் வாங்க வருகிறவர்களும், புதுக் கடைக்குக் கணபதி ஹோமம் செய்ய நாள் குறிக்கிறவர்களும் தவறாமல் விசாரித்துக்கொள்வது ராகு காலத்தைத்தான். திங்கட்கிழமை 7.30 முதல் 9 வரை, சனிக்கிழமை 9 முதல் 10.30 வரை என்று தமிழ்நாட்டில் மனப்பாடமான கணக்கைக் கடல் கடந்து வந்த பின்னும் அப்படியே அனுஷ்டிக்கிறவர்கள் நம்மிடையே உண்டு. அந்த வேளைக்கு அசுப சக்தி இருக்கிறதா என்பது அவரவர் நம்பிக்கையைச் சேர்ந்த விஷயம். அது எப்போது தொடங்குகிறது என்பதோ கணிதத்தைச் சேர்ந்தது.

சூரியோதயம் முதல் அஸ்தமனம் வரையுள்ள பகற்பொழுதை எட்டுச் சம பாகங்களாக்கி, அவற்றுள் ஒன்றைக் கிழமைக்கேற்ப ராகுவுக்கு ஒதுக்குவது சாஸ்திர விதி. திங்களுக்கு இரண்டாம் பாகம், ஞாயிற்றுக்கு எட்டாம் பாகம். உதயம் 6 மணி, அஸ்தமனம் 6 மணி என்று கொண்டால் பாகம் ஒன்றுக்கு ஒன்றரை மணி ஆகிறது. நமக்கு மனப்பாடமான அட்டவணை இந்த அனுமானத்தின்மேல் எழுந்ததே. ராகுவோ கண்ணுக்குப் புலப்படும் கிரகம் அன்று. சந்திரனுடைய பாதை சூரியனுடைய பாதையை வெட்டும் இரு ஸ்தானங்களுள் ஒன்றுக்கு அப்பெயர். அது வான மண்டலத்தை ஒருமுறை சுற்றிவரச் சுமார் 18.6 வருஷங்கள் ஆகின்றன.

இத்தகைய கணக்குகளை நம் முன்னோர் எவ்வளவு நுட்பமாகப் போற்றினார்கள் என்பதற்கு வாக்கியப் பஞ்சாங்கமே சாட்சி. வரருசி இயற்றியதாகச் சொல்லப்படும் 248 சந்திர வாக்கியங்களில், எழுத்துக்கு ஓர் எண் என்ற முறையில், நாள்தோறும் சந்திரன் நிற்கும் ஸ்தானம் பொதிந்து கிடக்கிறது. புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர் ஒருவர், ஏடு ஏதும் பாராமல், தரையில் சோழிகளைப் பரப்பிச் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டியதை ஆங்கிலேயரிடம் சேவை புரிந்த ஜான் வாரன் என்பவர் 1825-இல் சென்னையில் வெளியிட்ட ‘கால சங்கலித’ என்னும் நூலில் வியந்து பதிவு செய்தார். பின்னர் எல். டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை 1922-இல் வெளியிட்ட பெருங்கணிதத் தொகுதிகள், கல்வெட்டுகளில் காணும் திதியையும் நட்சத்திரத்தையும் கொண்டு அரசர்களின் காலத்தை நிர்ணயிக்கச் சரித்திர ஆசிரியர்களுக்குக் கருவியாயின. சுதந்திர இந்தியாவிலோ மேக்நாத் சாகா தலைமையிலான குழு, பிரத்தியட்ச வானத்தோடு பஞ்சாங்கங்களை ஒத்துப்பார்த்து 1955-இல் தன் அறிக்கையை அளித்தது. இவர்கள் எல்லோருக்கும் பொதுவான பிரமாணம் வானமே.

சிங்கப்பூரிலோ வானம் மாறாதிருக்கக் கடிகாரம் பலமுறை மாறியது. 1905-இல் கிரீன்விச்சுக்கு 7 மணி முன்னதாக நேரம் நிர்ணயிக்கப்பட்டபோது இங்கே சூரியன் ஏறக்குறைய 6 மணிக்கே உதித்ததால், தமிழ்நாட்டு அட்டவணை பெரும்பாலும் பொருந்தியது. 1933-இல் 20 நிமிஷமும், 1941-இல் மேலும் 10 நிமிஷமும் கடிகாரம் முன்னே தள்ளப்பட்டது. 1942 பிப்ரவரியில் ஜப்பானியர் நகரைக் கைப்பற்றி டோக்கியோ நேரத்தைப் புகுத்தியபோது, 8 மணி கடந்த பிறகே பொழுது விடிந்தது. யுத்தம் முடிந்த 1945-இல் பழைய நேரம் மீண்டது; 1982 ஜனவரி 1 முதல், மலேசியாவோடு ஒத்து, அரை மணி கூட்டப்பட்டு இன்றைய நேரம் நிலைத்தது. ஆகவே இப்போது இங்கே சூரியோதயம், மாதத்துக்கேற்ப, சுமார் 6.45-க்கும் 7.17-க்கும் இடையே நிகழ்கிறது. உச்சிப்பொழுது 1 மணியை ஒட்டி வருகிறது.

பூமத்திய ரேகைக்கு அருகே இருப்பதால் சிங்கப்பூரில் பகல் வருஷம் முழுவதும் 12 மணிக்குச் சில நிமிஷங்களே அதிகம். ஒரு பாகம் எப்போதும் ஏறத்தாழ ஒன்றரை மணிதான். எனவே கணக்கு மிக எளிது: 7 மணிக்கு உதயமாகும் திங்கட்கிழமையில் ராகு காலம் 8.30 முதல் 10 வரை. பழைய அட்டவணையை நம்பி 9 மணி அடித்ததும் சுப காரியத்தைத் தொடங்குகிறவர், தாம் விலக்க விரும்பிய வேளையின் நடுவிலேயே தொடங்குகிறார். நம்பிக்கை உள்ளவர்கள் சிங்கப்பூர் உதயத்துக்குக் கணித்த பஞ்சாங்கத்தையே கைக்கொள்ள வேண்டும். இல்லாதவர்களும் தம் குழந்தைகளுக்கு இந்தக் கணக்கைச் சொல்லிக்கொடுப்பது நன்று, ஏனெனில் அது நம்முடைய வானநூல் அறிவின் ஒரு பகுதி.