யூனிக்ஸ்: மூலமும் உரையும்

தமிழ் எம்.ஏ. படிச்சவனுக்குக் கம்ப்யூட்டர்ல என்ன வேலைன்னு நண்பர்கள் கேட்கிறார்கள். உரையாசிரியர்களைப் படித்ததாலேயே யூனிக்ஸ் என்னை ஈர்க்கிறது.

ஒரே கணினியைப் பலர் ஒரே சமயத்தில் பகிர்ந்துகொள்ள வகைசெய்யும் இயங்குதளம் அது. 1969இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் கென் தாம்சனும் டென்னிஸ் ரிச்சியும் தொடங்கியது. முதலில் பிடிபி-7 இயந்திரத்துக்கே உரிய அசெம்பிளி மொழியில் எழுதப்பட்டது. வேறு இயந்திரத்துக்குக் கொண்டுபோகணும்னா முழுசாத் திரும்ப எழுதணும். 1973இல் ரிச்சியின் 'சி' மொழியில் மாற்றி எழுதினார்கள். அதன்பின், புதிய இயந்திரத்துக்கு ஒரு சி கம்பைலரும், இயந்திரத்தை நேரடியாகத் தொடும் சில பகுதிகளும் எழுதினால் போதும். 1977இல் ஆஸ்திரேலியாவின் வுல்லங்காங் பல்கலைக்கழகத்தில் ரிச்சர்ட் மில்லர் இன்டர்டேட்டா 7/32க்கு யூனிக்ஸைக் கொண்டுசென்றார்.

ஆனால் பிரதி பயணப்பட மொழி மட்டும் போதாது. பெல்லின் உரிமையாளரான ஏடி அண்ட் டி பிற வியாபாரங்களில் இறங்குவதை 1956ஆம் ஆண்டு நீதிமன்ற ஆணை தடுத்திருந்தது. அதனால்தான் மூலநிரல் பல்கலைக்கழகங்களுக்குக் குறைந்த விலையில் கிடைத்தது. சிட்னியில் ஜான் லயன்ஸ் தம் மாணவர்களுக்காக அதற்கு உரை எழுதினார். 1979இல் வந்த ஏழாம் பதிப்பின் உரிமமோ மூலத்தை வகுப்பில் பாடம் சொல்வதையே தடுத்தது. லயன்ஸின் உரை ஜெராக்ஸில் கைமாறியது. 1996இல்தான் கடைக்கு வரும் புத்தகமாயிற்று.

இயந்திரத்திடமிருந்து விடுபட்ட பிரதி உரிமையாளரிடம் மாட்டிக்கொண்டது. ஜெராக்ஸில் படித்து வளர்ந்த நமக்கு இதை விளக்கவா வேணும்?