சட்டக் கல்லூரியிலிருந்து மேயர் நாற்காலிக்கு: என். சிவராஜ்

அம்பேத்கரின் படம் இல்லாத சேரித் தெரு இன்று நம் டெல்டாவில் அரிது. அந்தப் படத்துக்குக் கீழே நின்று படிக்கும் பிள்ளைகளிடம் என். சிவராஜ் யார் என்று கேட்டால் பலருக்கும் தெரிவதில்லை. அம்பேத்கரோடு தோளோடு தோள் நின்ற தமிழகத் தலைவர் அவர்.

1892-ல் கடப்பாவில் பிறந்தார். ஒடுக்கப்பட்ட குடும்பத்துப் பிள்ளை கல்லூரி வாசலை மிதிப்பதே அபூர்வமான காலம் அது. சிவராஜ் சென்னையில் சட்டம் படித்து வழக்கறிஞரானார். படித்த சட்டக் கல்லூரியிலேயே 13 ஆண்டுகள் சட்டம் கற்பித்தார். கிணற்றடியிலும் பொதுத் தெருவிலும் நம்மவர்களை விலக்கிவைத்த சமூகத்தின் பிள்ளைகள், அவர் முன்னால் அமர்ந்து பாடம் கேட்டார்கள்.

பாடம் நடத்தியதோடு அவர் நிற்கவில்லை. சென்னை மாகாண சட்டசபையிலும், பிறகு டெல்லியில் மத்திய சட்டசபையிலும் உறுப்பினராக இருந்தார். 1942 ஜூலையில் நாக்பூரில் அகில இந்திய பட்டியல் சாதியினர் கூட்டமைப்பு உருவானபோது, அம்பேத்கர் இருக்க, அதன் தலைவராக சிவராஜையே தேர்ந்தெடுத்தார்கள்.

1945-ல் சென்னை மாநகராட்சியின் மேயரானார். அன்று மேயரை மாமன்ற உறுப்பினர்கள் கூடித் தேர்ந்தெடுப்பார்கள், பதவிக்காலம் ஓராண்டுதான். அவருக்கு முன்பே, 1937-ல், ஜெ. சிவசண்முகம் பிள்ளை அந்த நாற்காலியில் அமர்ந்த முதல் ஒடுக்கப்பட்டவராகியிருந்தார். குடிநீர், சாக்கடை, தெருவிளக்கு, குப்பை எல்லாம் அன்று மாநகராட்சியின் பொறுப்பாக இருந்தன. சேரிக்குக் கடைசியாக வந்துசேருபவையும் இவைதான். ஆகவே அந்த நாற்காலியை வெறும் அலங்காரமாக நாம் பார்க்க முடியாது.

அவருடைய துணைவியார் அன்னை மீனாம்பாளும் பொதுவாழ்வில் தனித்து நின்ற தலைவர். 1957-ல் சிவராஜ் செங்கல்பட்டிலிருந்து மக்களவைக்குச் சென்றார். அம்பேத்கர் மறைந்த பின் அதே ஆண்டு தொடங்கிய இந்தியக் குடியரசுக் கட்சிக்கும் அவரே முதல் தலைவர். 1964-ல் மறையும்வரை அந்தப் பொறுப்பில் இருந்தார். பிறந்த நாளும் மறைந்த நாளும் ஒன்றே: செப்டம்பர் 29.

சென்னை மேயரின் கதை நெல்வயல் பூமிக்கு எதற்கு என்று கேட்கலாம். தஞ்சையில் பண்ணையாள்களைக் காக்க 1952-லேயே சட்டம் வந்தது. ஆனாலும் 1968 டிசம்பர் 25 இரவு, கூலி உயர்வு கேட்ட கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரிந்து மாண்டார்கள். அந்த வழக்கில் தண்டிக்கப்பட்ட நிலக்கிழார்களை 1973-ல் உயர் நீதிமன்றம் விடுவித்தது. சட்டம் ஏட்டில் இருந்தால் மட்டும் போதாது. அதைப் படித்தவர்களும், அதைக் கையிலெடுத்து வாதாடுபவர்களும், அதிகாரம் உள்ள இடத்தில் அமர்பவர்களும் நம்மில் பெருக வேண்டும் என்பதை இதைவிட வலியோடு யார் சொல்ல முடியும்? சிவராஜ் இந்த மூன்று வேலையையும் ஒரே வாழ்நாளில் செய்தவர்.

காலம் மாறித்தான் இருக்கிறது. 2022-ல் சென்னை மேயர் பதவி பட்டியல் இனப் பெண்ணுக்கு ஒதுக்கப்பட்டு, ஆர். பிரியா மேயரானார். அதே ஆண்டு நம் கும்பகோணம் மாநகராட்சியின் முதல் மேயராக ஆட்டோ ஓட்டுநர் சரவணன் பொறுப்பேற்றார். ஆனால் ஒதுக்கீடு நாற்காலியைத்தான் தரும். அதில் அமர்ந்து கோப்பைப் படித்துக் கேள்வி கேட்கும் பழக்கத்தை நாம்தான் வளர்த்துக்கொள்ள வேண்டும்.

அதற்குச் சென்னை வரை போக வேண்டியதில்லை. ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 ஆகிய நாள்களில் நம் ஊரிலேயே கிராம சபை கூடுகிறது. கல்லூரியில் படிக்கும் தம்பி தங்கைகள் அன்று ஊருக்கு வாருங்கள். ஊராட்சியின் வரவு செலவுக் கணக்கைக் கேட்டு வாங்கி, நம் தெருவுக்கு எவ்வளவு செலவானது என்று எல்லோர் முன்னும் வாசித்துக் காட்டுங்கள். அம்மாவும் அப்பாவும் பின்வரிசையில் நிற்க வேண்டாம். உங்கள் பக்கத்தில் உட்காரட்டும்.