உங்களுக்குத் தெரியுமா? ‘இளவரசி மோனோனோகே’யின் உலை கற்பனையல்ல

பேசும் ஓநாயும் தலை பறிபோகும் காட்டுத் தெய்வமும் வரும் படத்தில் வரலாற்றைத் தேடுவது வீண் வேலை என்று தோன்றும். ஆனால் ஹயாவோ மியாசாகியின் ‘இளவரசி மோனோனோகே’யில் (1997) தெய்வங்களை விட்டுவிட்டு இரும்பு உலையைக் கவனியுங்கள். இரும்பு மணலையும் மரக்கரியையும் மாறி மாறிக் கொட்டி, துருத்தியால் காற்றூதி, மூன்று நாள் இரவுபகலாக எரித்து, கடைசியில் களிமண் உலையையே உடைத்து இரும்பை எடுப்பது ஜப்பானின் பழைய ‘தாதாரா’ முறை. ஷிமானேயின் ஒகுஇசுமோவில் வாளுக்கான எஃகு வேண்டி இன்றும் குளிர்காலத்தில் அந்த உலையை மூட்டுகிறார்கள். ஒரு தடவைக்குச் சுமார் 10 டன் மணல். கரியும் ஏறக்குறைய அதே அளவு. கிடைப்பதோ இரண்டரை டன் கட்டி. அத்தனை கரிக்கு மரம் வெட்டாமல் தீராது. படத்தில் காட்டுக்கும் உலைக்கும் பகை மூண்டது சும்மா இல்லை.

படத்தில் பெண்கள் துருத்தி மிதிக்கிறார்களே, நிஜத்தில் அந்தக் காலத்து உலைக்கூடத்துக்குள் பெண்களை விடமாட்டார்களே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான், உலைத் தெய்வமான கனயாகோவுக்குப் பெண்களைப் பிடிக்காது என்பது தொழிலாளர் நம்பிக்கை (அதுவும் ஒரு பெண் தெய்வம்!). ஆனால் படத்தில் உலை இருக்கும் ஊரை ஆளும் எபோஷி சீமாட்டி தெய்வத்தையே சுடத் துணிந்தவள். அவளுடைய ஊரில் அந்தத் தடை செல்லுபடியானால்தான் கதை இடித்திருக்கும்.